ஐயாறப்பர் சொல்ல வந்தது

இக்கதையை முதன்முதலாக எனக்குச் சொன்னவர் சேத்தியாத்தோப்பு ஞானசம்பந்த முதலியார். நெசவாளர் கூட்டுறவுச் சங்கம் ஒன்றில் நெடுங்காலம் செயலாளராக இருந்து ஓய்வு பெற்றவர். 1974ஆம் ஆண்டு ஆனித் திருமஞ்சனத்துக்கு மறுநாள் அவரிடம் கேட்டேன். சங்கத்தின் பேரவை கூடும்போதெல்லாம், தீர்மானங்களைப் படிப்பதற்கு முன் இதைச் சொல்லிவிட்டுத்தான் தொடங்குவாராம். "சொன்ன அன்றைக்குக் கூட்டம் ஒழுங்காக நடக்கும். அடுத்த கூட்டத்துக்கு மறுபடியும் சொல்ல வேண்டும்" என்றார். பிறகு வெள்ளாற்றின் இரு கரைகளிலும் வேறு சிலரிடமும் கேட்டேன். கீழே வருவது முதலியார் பாடம். மற்றவர் சொல்லும் வேறுபாட்டை இறுதியில் குறித்திருக்கிறேன்.

வெள்ளாற்றின் தென்கரையில் ஒரு சிறு மடம் இருந்தது. அதன் பெயரை ஆளுக்கொரு விதமாகச் சொல்கிறார்கள், ஆகவே விட்டுவிடுகிறேன். மடத்துக்குச் சொத்து என்று சொல்லிக்கொள்ள அதிகம் இல்லை. ஓர் அவை இருந்தது. வாய்க்கால் முறை, வரப்புச் சண்டை, திருவிழா, பசி, நோய் என்று சுற்றுவட்டத்தில் எது வந்தாலும் அந்த அவையில் வைத்துப் பேசுவார்கள். மடத்துத் தொண்டர்கள் வட்டமாக உட்காருவார்கள். தலைவர் எல்லாரும் பேசிய பிறகே வாய் திறப்பார்.

அந்த அவைக்கு ஒரு வழக்கம் உண்டு. முற்காலத்தில் மடத்துக்குத் தலைவராக இருந்த ஒருவருக்குக் கண் பார்வை கிடையாது. பேசுகிறவர் முடித்துவிட்டாரா, மூச்சு வாங்குகிறாரா என்று அவரால் பார்த்து அறிய இயலவில்லை. எனவே, பேசி முடித்தவர் வலக்கையை விரித்துத் தம் முன்னே தரையை ஒரு முறை தட்ட வேண்டும் என்று ஏற்படுத்தினார். அந்த ஓசை கேட்கும்வரை மற்றவர் வாய் திறக்கலாகாது. அவர் காலம் முடிந்து, கண்ணுள்ள தலைவர்கள் பலர் வந்த பின்னும் வழக்கம் மட்டும் நின்றது.

கதை நடந்த காலத்தில் கனகசபைத் தேசிகர் தலைவர். வயதில் இளையவர். அவருடைய மாணாக்கரில் முதல்வரான மருதவாணர் அவரைவிட மூத்தவர். தஞ்சாவூரில் தர்க்கம் கற்பித்து, பல சபைகளில் வாதிட்டு வென்று, வென்று வென்றே சலித்துப்போய் மடத்துக்கு வந்து சேர்ந்தவர்.

வந்த புதிதில் மருதவாணருக்கு அவை வழக்கம் பெரும் பாரமாக இருந்தது. எதிராளி தட்டும்வரை நாவைக் கட்டிக்கொண்டு உட்காருவது, பசித்தவன் பந்தியில் இலை போடக் காத்திருப்பது போல என்று அவரே சொல்லுவார். போகப்போகப் பழகிக்கொண்டார். ஒருவரை மறுக்க வேண்டுமானால் முதலில் அவர் சொன்னதை அவரே ஒப்பும்படி திருப்பிச் சொல்லி, அதன் பிறகே மறுத்தார். உரத்துப் பேசுவதில்லை. ஒருவர் பேசும்போது இன்னொருவர் காதில் கிசுகிசுப்பதில்லை. அவையில் எப்படி இருக்க வேண்டும் என்று புதிதாக வருகிறவர்களுக்குக் காட்ட, மருதவாணரைப் பாருங்கள் என்று சொல்லும் அளவுக்கு வந்துவிட்டார்.

மடைப்பள்ளியைப் பார்த்துக்கொண்டவர் ஐயாறப்பர். வடகரை ஊர்க்காரர். மருதவாணருக்கு அவரோடுதான் மிகுந்த நட்பு. ஐயாறப்பருக்குத் திக்குவாய் இல்லை; ஆனால் ஒரு சொல்லை வைத்துவிட்டு அடுத்த சொல்லைத் தேடி எங்கேயோ போய்விட்டு வருவார். அரிசி குறைகிறது என்பதைச் சொல்லத் தொடங்கினால், கேட்கிறவர்கள் கொட்டாவி விட்டு முடித்திருப்பார்கள். சட்டைநாதர் என்று ஒரு தொண்டர், கேலிப்பேச்சில் வல்லவர். "ஐயாறப்பர் 'சோறு' என்று தொடங்கி 'வெந்துவிட்டது' என்று முடிப்பதற்குள் அது பழைய சோறாகிவிடும்" என்பார். ஐயாறப்பரும் சிரிப்பார்.

ஒரு நாள் வெளியூரிலிருந்து பெரிய மனிதர்கள் சிலர் அவைக்கு வந்திருந்தார்கள். ஐயாறப்பர் பந்தி ஏற்பாட்டைப் பற்றிப் பேசத் தொடங்கி, பாதியில் நின்றார். வந்தவர்கள் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். நண்பர் நகைப்புக்கு ஆளாகிறாரே என்று மருதவாணருக்கு மனம் பொறுக்கவில்லை. "இரண்டு பந்தியாக வைத்துக்கொள்ளலாம் என்கிறார்" என்று எடுத்துக் கொடுத்தார். ஐயாறப்பர் முகம் மலர்ந்து தலையை ஆட்டினார், தரையைத் தட்டினார்.

அப்படித்தான் தொடங்கிற்று. மறுத்துப் பேசக் குறுக்கிட்டால் குற்றம். உதவ எடுத்துக் கொடுப்பதில் என்ன குற்றம் என்று மருதவாணர் கருதினார். அவருடைய ஊகமும் தவறவில்லை. ஐயாறப்பர் முதல் சொல்லை எடுத்ததுமே அவருக்கு முழு வாக்கியமும் தெரிந்துவிடும். இவர் முடிப்பார், அவர் தட்டுவார். நாளடைவில் இவர் முடித்ததும் அவர் தட்டுகிறாரா என்று யாரும் கவனிப்பதை விட்டார்கள். "ஐயாறப்பருக்குக் கை உண்டு, கால் உண்டு, வாயை மட்டும் மருதவாணரிடம் கொடுத்து வைத்திருக்கிறார்" என்று சட்டைநாதர் சொன்னதை மடமே திரும்பத் திரும்பச் சொல்லிச் சிரித்தது.

தேசிகர் ஒரே ஒரு முறை கேட்டார்.

"மருதவாணரே, ஐயாறப்பர் பேசி முடித்துவிட்டாரா?"

"முடிக்கும் தறுவாயில் இருந்தார், சுவாமி. நான் பிழையாகச் சொல்லவில்லை."

"பிழையா என்று நான் கேட்கவில்லையே."

மருதவாணர் திகைத்து நண்பரைப் பார்த்தார். ஐயாறப்பர் அவசரமாக, அவருக்கு எவ்வளவு அவசரம் இயலுமோ அவ்வளவு அவசரமாக, "அதையேதான் சொல்ல வந்தேன், சுவாமி" என்றார்.

அந்த ஆண்டு ஐப்பசி மழை விடாமல் பிடித்துக்கொண்டது. ஆறு கரை தொட்டு ஓடியது. வடகரையில், ஐயாறப்பர் பிறந்த ஊரில், பேதி கண்டது. வீட்டுக்கு வீடு ஆள் விழுந்தார்கள். ஓடக்காரன் ஒருவன் வெள்ளத்தில் எப்படியோ அக்கரையிலிருந்து வந்து, கஞ்சி வைத்துக் கொடுக்கக்கூட ஆளில்லை, மடத்திலிருந்து யாராவது வந்தால்தான் உண்டு என்று சொல்லி நின்றான். இன்னொரு மழை பிடித்தால் ஓடம் போகாது, விடிந்ததும் புறப்பட்டாக வேண்டும் என்றும் சொன்னான்.

தேசிகர் அவையைக் கூட்டினார். யார் போவது என்பதுதான் பேச்சு. போகிறவர் திரும்பி வருவது உறுதியில்லை என்று எல்லாருக்கும் தெரியும். யாரும் அதைச் சொல்லவில்லை. ஒருவர் மருந்தைப் பற்றிப் பேசினார். ஒருவர் மூட்டை நனையாமல் கட்டுவதைப் பற்றிப் பேசினார். சட்டைநாதர் தமக்கு நீர்க்கண்டம் என்று சோதிடர் சொல்லியிருப்பதாகச் சொன்னார். அன்று யாரும் சிரிக்கவில்லை. ஒவ்வொருவரும் தட்டிவிட்டுத் தலையைக் குனிந்துகொண்டார்கள்.

மருதவாணர் பேசவில்லை. தாம் போகலாம் என்று ஒரு கணம் தோன்றும். அடுத்த கணம், போய் என்ன செய்யத் தெரியும் நமக்கு, உலை வைக்கத் தெரியுமா என்று தோன்றும்.

அப்போது ஐயாறப்பர் தொடங்கினார்.

"அக்கரைக்குப் போவது என்றால், நான்..."

வழக்கம் போல நின்றார். வலக்கை மார்புக்கு நேரே விரிந்தபடி இருந்தது. கண்கள் கலங்கியிருந்தன. வெளியே ஓடக்காரன் கூரையிலிருந்து கொட்டும் நீரைப் பார்த்துக்கொண்டு நின்றான். அவை முழுவதும் மருதவாணரைப் பார்த்தது.

மருதவாணர் நண்பரின் முகத்தைப் பார்த்தார். எல்லாம் விளங்கியது போல் இருந்தது. பிறந்த ஊர். தமக்கை அங்கே இருக்கிறாள். சமைக்கத் தெரிந்தவர். கலங்கிய கண்.

"நானே போகிறேன் என்கிறார், சுவாமி. பிறந்த ஊர் சாகக் கிடக்கும்போது அவரால் இங்கே உலை ஏற்ற முடியுமா? நாம் எல்லாரும் மருந்தையும் மூட்டையையும் பேசிக்கொண்டிருந்தோம். இவர் ஒருவர்தான் மனிதர்களைப் பற்றிப் பேசினார்."

இன்னும் பேசினார். அவ்வளவு உருக்கமாக அவர் தஞ்சாவூரில்கூடப் பேசியதில்லை. கேட்டவர்கள் கண்ணைத் துடைத்துக்கொண்டார்கள். சட்டைநாதர் எழுந்து வந்து ஐயாறப்பர் காலைத் தொட்டுக் கும்பிட்டார். உடனே அரிசி கட்ட ஒருவர் போனார், சுக்கு இடிக்க ஒருவர் போனார். அவை கலைந்துவிட்டது.

விரிந்த கை தரைக்கு வரவில்லை. ஐயாறப்பர் அதை மடியில் வைத்துக்கொண்டார். மருதவாணர் அதைப் பார்த்தார்; பார்த்தோம் என்பதுகூட அப்போது அவருக்குத் தெரியவில்லை.

விடிந்ததும் ஓடத்துறைக்கு எல்லாரும் போய் வழியனுப்பினார்கள். மருதவாணர் தம் கம்பளியை நண்பருக்குப் போர்த்திவிட்டார். ஐயாறப்பர், ஊறப்போட்ட பயறு வீணாகிவிடும், மதியத்துக்கே வேகவைத்துவிடச் சொல்லுங்கள் என்று மட்டும் சொன்னார். ஓடம் போயிற்று.

மழை ஓய்ந்து ஆறு வடிந்த பிறகு ஓடக்காரன் மட்டும் திரும்பி வந்தான். நோய் தணிந்துவிட்டது, தமக்கை பிழைத்துக்கொண்டாள், ஐயாறப்பர் போய்ச் சேர்ந்துவிட்டார், அங்கேயே எரித்துவிட்டோம் என்றான். மருதவாணர் அவனைத் தனியே அழைத்துப் போய், ஒன்றுவிடாமல் சொல்லச் சொன்னார்.

"என்னத்தச் சொல்ல, சாமி. ஓடம் கரை சேர்ந்தும் அவர் எறங்கல. மூட்டையெல்லாம் எறக்கியாச்சு. வெயில் சாயிற வரைக்கும் ஓடத்துலயே உக்காந்திருந்தாரு. நானும் சும்மா நின்னேன். அப்புறம் எறங்கிப் போயிட்டாரு. போனவரு ஒரு நாளும் உக்காரல. ஊருக்கே கஞ்சி ஊத்துனாரு."

"ஓடத்தில் உட்கார்ந்திருந்தபோது ஏதாவது சொன்னாரா?"

"என்னமோ சொல்ல வந்தாரு. அவரு பேச்சுதான் தெரியுமே உங்களுக்கு. எனக்கு ஓடத்தைக் கட்டுற வேலை இருந்துச்சு."

அன்று முதல் மருதவாணரை அந்தப் பாதி வாக்கியம் பிடித்துக்கொண்டது. அக்கரைக்குப் போவது என்றால், நான். போகிறேன் என்று முடித்துப் பார்த்தார். அப்படியானால் தம்மேல் பழி இல்லை. அஞ்சுகிறேன் என்று முடித்துப் பார்த்தார். ஒருவன் போதாது, துணைக்கு ஒருவர் வர வேண்டும் என்று முடித்துப் பார்த்தார். அந்தத் துணைவர் யார் என்று எண்ணியபோது எழுந்து வெளியே போய்விட்டார். தர்க்கம் எல்லா முடிவுக்கும் இடம் கொடுத்தது. அந்தக் கலங்கிய கண்ணும் கொடுத்தது. ஓடத்தில் உட்கார்ந்திருந்த அந்தப் பகலும் கொடுத்தது.

அவையில் அவர் பேசுவதை நிறுத்திவிட்டார். "இனி எங்கள் வாக்கியத்தையெல்லாம் யார் ஓய் முடித்து வைப்பது?" என்று பழைய பழக்கத்தில் கேட்டுவிட்ட சட்டைநாதர், அவர் முகத்தைப் பார்த்ததும் நாவைக் கடித்துக்கொண்டார்.

கடைசியில் அவர் தேசிகரிடம் போனார். தேசிகர் நந்தவனத்தில் துளசிக்குத் தண்ணீர் விட்டுக்கொண்டிருந்தார்.

"சுவாமி, ஐயாறப்பர் அன்று அவையில் என்ன சொல்ல வந்தார்? தங்களுக்குத் தெரிந்திருக்கும் என்று நினைக்கிறேன்."

தேசிகர் செம்பைக் கீழே வைத்தார்.

"அவர் புறப்படும் முன் என்னிடம் வந்தார்."

சொல்லிவிட்டு நின்றார். "வந்து, போக மனமில்லை என்றாரா?" என்று மருதவாணர் கேட்டார்.

தேசிகர் செம்பை எடுத்துக்கொண்டு போய்விட்டார்.

மறுநாள் மருதவாணர் மீண்டும் போய் நின்றார். "வந்தார். வாசற்படிக்கு அந்தப் பக்கமே நின்றார்" என்றார் தேசிகர். அதோடு நிறுத்தினார்.

"என்மேல் குறை சொன்னாரா, சுவாமி? சொல்லியிருந்தால் அது நியாயம்."

அன்றும் அவ்வளவுதான். இது தமக்கு நடக்கும் பாடம் என்று மருதவாணர் கண்டுகொண்டார். வாதத்தில் பழகியவருக்கு அது விளங்காதா? காத்திருக்கக் கற்பிக்கிறார் என்று எண்ணிக்கொண்டு, கற்றுவிட்டதைக் காட்டுவதற்காகவே அடுத்த நாள் போய் உட்கார்ந்தார். ஆனால் தேசிகர் வாயெடுத்து நின்றதும், "துணை வேண்டும் என்று கேட்டாரா?" என்பது அவரை அறியாமலே வெளிவந்துவிட்டது. வந்ததும் தலையில் கை வைத்துக்கொண்டார்.

"சுவாமி, தண்டனை என்றால் போதும். தாங்க முடியவில்லை."



பல நாள் மருதவாணர் போகவில்லை. மடைப்பள்ளியில் போய், தெரியாத வேலையைச் செய்தார். சோற்றைக் குழைத்தார், விரலைச் சுட்டுக்கொண்டார். பிறகு ஒரு காலையில், எதையும் கேட்கும் எண்ணம் இன்றியே, தேசிகர் இருந்த அறைக்குப் போய் எதிரே உட்கார்ந்தார்.

தேசிகர் வெகு நேரம் அவரைப் பார்த்தார். பிறகு தொடங்கினார்.

"வாசற்படிக்கு அந்தப் பக்கம் நின்றார்."

மருதவாணர் காத்திருந்தார். இம்முறை அவர் வாயை அடக்கிக்கொண்டு இருக்கவில்லை. அடக்க வேண்டியதாக உள்ளே எதுவும் எழவில்லை. முற்றத்தில் யாரோ வாளியை இறக்கி வைத்தார்கள். ஓர் அணில் ஓட்டின்மேல் ஓடியது. அவர் எதிரே இருந்த முகத்தைப் பார்த்தார். ஒருவர் சொல்லுக்கு முன் படும் பாட்டை அவர் அதுவரை பார்த்ததே இல்லை. தேசிகரின் உதடு அசைந்து நின்றது. கழுத்து நரம்பு புடைத்து அடங்கியது. மறுபடி அசைந்தது, மறுபடி நின்றது.

அப்போதுதான் மருதவாணருக்குத் தெரிந்தது. இது பாடமாக நடந்தது அல்ல. அந்த மனிதரால் சொல்ல முடியவில்லை. இத்தனை நாளும் அவர் சொல்லத்தான் முயன்றுகொண்டிருந்தார்.

வெயில் அறைக்குள் வந்து, இருவர் முழங்காலையும் தொட்டு, விலகியது. தேசிகர் பேசினார்.

"'சுவாமி, நேற்று அவையில் நான்' என்றார். ஓடக்காரன் காத்திருந்தான். 'தெரியும் ஐயாறப்பரே, அதைத்தான் மருதவாணர் அழகாகச் சொன்னாரே' என்றேன். 'ஆமாம் சுவாமி' என்று சொல்லிவிட்டுப் போனார்."



முதலியார் பாடம் இவ்விடத்தில் நிற்கிறது. தென்கரையில் நான் கேட்ட மற்றவர்களும் ஏறக்குறைய இப்படியே முடிக்கிறார்கள்; தேசிகர் அழுதார் என்று சேர்ப்பவரும் உண்டு. வடகரையில் மட்டும் கதை வேறு. அங்கே ஐயாறப்பர் சாவதில்லை. மெலிந்து, தலைமுடி கொட்டித் திரும்பி வருகிறார். அவை கூடுகிறது. அன்று என்ன சொல்ல வந்தீர் என்று தேசிகர் கேட்க, எல்லாரும் வாய் திறவாமல் இருக்க, அவர் மெல்ல மெல்லச் சொல்லி முடிக்கிறார்: "போகிறேன் என்றுதான் சொல்ல வந்தேன். ஆனால், சுவாமி, நான் அதைச் சொல்லவே இல்லையே."

இந்த முடிவை நான் முதலியாருக்குப் படித்துக் காட்டினேன். "அவர்கள் ஊருக்குக் கஞ்சி ஊற்றியவர். அவர்களுக்கு அவர் திரும்பி வர வேண்டும். நீங்கள் அதையும் எழுதிக்கொள்ளுங்கள்" என்றார்.